ஆறாயிரத்துக்கு மேலே

மெற்றில்டாவின் மூன்று அல்பங்களும்
ஒரு பொட்டும் குறையாமல் வந்து இறங்க
உவர்மலையில் ஓர் இரவு முழுக்கப் பிடித்தது.
பழைய பாட்டு ஒன்று மூன்று எம்பி.
இது முப்பத்தெட்டு.
மிச்சம் முப்பத்தைந்துக்குள் என்னதான் இருக்கு
என்று தவமலர் கேட்டாள்.
டேட்டாவுக்குக் காசு கட்டுகிறவள், கேட்கலாம்.

ஹெட்போன் வந்த பெட்டியை
வாசலில் வைத்துப் பத்து நிமிடமில்லை,
மான் ஒன்று வந்து தின்றுவிட்டது,
உத்தரவாதச் சீட்டோடு.
இந்த ஊரில் இதை யாரிடமும் முறையிட முடியாது.

பதினாறு வருடமாக எனக்கு மெற்றில்டாவைத் தெரியும்.
அதாவது,
போனுக்குப் போன் கைமாறித்
தேய்ந்துபோன குரலைத் தெரியும்.
தகரப் பேணிக்குள் இருந்து பாடுவதுபோல,
'ச' வருகிற இடமெல்லாம் மணல் கொட்டுவதுபோல.
அதுதான் அவள் என்று இருந்தேன்.

முதல் பாட்டுக்கு முன்னால்
கதிரை ஒன்று முனகியது.
பிறகு அவள் மூச்சை இழுத்தாள்.
பாடப்போகிறவளின் மூச்சல்ல,
உலையை இறக்கிவிட்டு வந்து குந்தியவளின் மூச்சு.
நான் எழும்பி நின்றுவிட்டேன்,
அறைக்குள் யாரோ வந்ததுபோல.

ஒன்றைச் சொல்லிவிட வேண்டும்.
சீனக்குடா மா ஆலையில் எனக்குப் பத்தொன்பது வருடம்.
போன தையில் கம்பனி டொக்டர்
காதுக்குள் விசில் விசிலாக விட்டுப் பார்த்து
ஒரு கோடு கீறித் தந்தார்.
ஆறாயிரம் மட்டும் ஒழுங்காக நடந்த கோடு
அதற்கு மேலே
கோணேசர் மலை விளிம்புபோல
நேரே கடலுக்குள் இறங்கியது.
குறையாத பாட்டைக்
குறைந்த காதுக்கு வாங்கியிருக்கிறேன்.
இது தவமலருக்குத் தெரியாது.

ஒரு பக்கக் குமிழை வெளியே திருப்பி
கன்னத்தோடு கன்னம் வைத்துக் கேட்டோம்.
கம்பியில விரல் வழுக்குது, என்றாள்.
ஓம் என்றேன்.
ஆரோ தாள் புரட்டினம்.
ஓம்.
பல்லி சொல்லுது, கேட்டதா, எத்தனை தரம்?
இரண்டு, என்றேன்.
தலையை விலக்கி என்னைப் பார்த்தாள்.
பல்லி சொல்லவே இல்லை.

அதன் பிறகு அவள் கேட்டுச் சொன்னாள்,
நான் கேட்டுக்கொண்டேன்.

இரண்டாவது அல்பத்தில்தான் அந்த வரி.
'நீ வரும் நேரம் விளக்கைத் தூண்டி வைத்தேன்.'
கலியாணத்துக்கு முன்னம்
அந்த வரியை மட்டும் வெட்டி
தவமலரின் போனுக்கு அனுப்பியவன் நான்.
இப்போது எனக்கே கேட்கிறது,
உதடுகள் ஒட்டிப் பிரிகிற சத்தம்.
நீ அல்ல.
மீன்.
மீன் வரும் நேரம்.

எனக்கு அப்பவே தெரியும், என்றாள்.
அப்பா அந்த விளக்கோடதானே
கடலுக்குப் போறவர்.
பிறகேன் ஓம் எண்டு சொன்னனீர்?
பாட்டுக்கோ ஓம் சொன்னனான், என்றாள்.

மூன்றாவது அல்பம்.
பாலையூற்றில் ஒரு வீட்டில் பதிந்தது,
ஆவணி என்று மட்டும் இருக்கிறது, வருடம் இல்லை.
நாலாவது பாட்டின் நடுவில் 'தும்' என்று ஒன்று.
கிற்றார்ப் பலகையில் கட்டைவிரல் என்று நினைத்து
பதினாறு வருடம்
சாப்பாட்டு மேசையிலும் பஸ் சீற்றிலும்
அந்த இடத்தில் நானும் தட்டியிருக்கிறேன்.

அது யன்னலுக்கு வெளியே இருக்கிறது.
தாழ்ந்த சத்தங்களில் என் காதுக்கு ஒரு குறையும் இல்லை.
அரைத் தாளம் பிந்தி, அவள் திரும்பப் பாடுகிறாள்.
காகங்கள், என்றாள் தவமலர், நிறைய.
டைனமைற், மீனுக்குப் போடுறாங்கள், என்றேன்.
ம், என்றாள்.
ஏழு தரம் பின்னால் இழுத்துக் கேட்டோம்.
எட்டாம் தரம் அவள் விரலை எடுத்துவிட்டாள்.

கடைசிப் பாட்டு முடிந்தும்
நாற்பது செக்கன் ஓடுகிறது.
எனக்கு ஒன்றுமில்லை,
வெளியே முருங்கையைக் கடிக்கிற மான் மட்டும்.
என்ன கேட்குது, என்றேன்.
கண்ணை மூடியபடி
கையை உயர்த்தினாள்,
பொறுங்கோ.